பணிக்கொடை ஒரு கொடையா?

மாணவ நண்பர்களே, நீங்கள் பெறும் பட்டச் சான்றிதழில் துணைவேந்தரின் கையொப்பம் இருக்கும். ஆயினும் விடைத்தாள்களை எண்ணிக் கட்டியவர், மதிப்பெண்களைப் பேரேட்டில் பதிந்தவர், நூலகத்தில் ஏணியேறி உங்களுக்குப் புத்தகம் எடுத்துத் தந்தவர் ஆகிய பலருடைய உழைப்பும் அந்த ஒரு தாளில் அடங்கியிருக்கிறது. முப்பது ஆண்டுகள் இவ்வாறு உழைத்தவர் ஓய்வு பெறும் நாளில் மாலையும் சால்வையும் தவறாமல் கிடைத்துவிடுகின்றன. பணந்தான் தவறிவிடுகிறது.

பணிக்கொடை என்னும் சொல்லே நம்மைச் சற்று ஏமாற்றுகிறது. கொடை என்றால், கொடுப்பவன் மனமிரங்கி, தனக்கு வாய்த்த நேரத்தில் கொடுப்பது அல்லவா? சட்டம் அப்படிக் கருதவில்லை. 1972 ஆம் ஆண்டின் பணிக்கொடைச் சட்டம் ஏற்படுத்திய முறைப்படி, மாத ஊதியத்தை 26 ஆல் வகுத்து 15 ஆல் பெருக்கினால், ஓராண்டுப் பணிக்குரிய தொகை கிடைக்கும். உரிய நாளிலிருந்து முப்பது நாட்களுக்குள் அதனைக் கொடுத்துவிட வேண்டும். தவறினால் வட்டியும் சேரும். அரசு விதிகளைப் பின்பற்றும் பல்கலைக் கழகங்களில் கணக்கு முறை வேறாக இருக்கலாம். உரிமையின் தன்மை வேறன்று. ஓய்வூதியம் அரசு இரங்கி அளிக்கும் நன்கொடை அன்று என்பதை 1982 இல் நகாரா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது.

அப்படியானால் தாமதம் எங்கே பிறக்கிறது? ஒன்று, காகிதத்தில். கேரள அரசு ஊழியர் ஒருவர் 1973 மே மாதத்தில் ஓய்வு பெற்றார். கடைசிச் சம்பளச் சான்றும் நிலுவையில்லாச் சான்றும் வந்து சேராமையால், அவருக்குரிய தொகை 1975 ஆகஸ்டில்தான் கிடைத்தது. 1984 இல் தீர்ப்புரைத்த உச்ச நீதிமன்றம் எளிய வினா ஒன்றை எழுப்பியது: ஓய்வு பெறும் நாள் முன்னரே தெரிந்ததுதானே, சான்றுகளை ஒரு வாரம் முன்பாகவேனும் முடித்துவைத்தால் என்ன? அலுவலகங்களில் இவ்வினாவுக்கு இன்றும் விடை கிடைப்பது அரிது. பணிப் பதிவேட்டில் இருபது ஆண்டுகளுக்கு முன் விடுபட்ட ஒரு பதிவை, ஊழியர் விடைபெறும் வாரத்தில்தான் தேடத் தொடங்குகிறார்கள்.

மற்றொன்று, பெட்டியில் பணம் இல்லாமை. அரசுத் துறை ஊழியருக்குக் கருவூலம் உண்டு. பல்கலைக் கழகமோ தன் கட்டண வருவாயையும் அரசின் மானியத்தையும் கொண்டே ஓய்வூதியத்தையும் சமாளிக்க வேண்டியிருக்கிறது. தணிக்கை ஆட்சேபணைகள் தீராதபோது மானியம் நிற்கும்; மானியம் நின்றால் ஓய்வூதிய நிதி வற்றும். 1857 இல் தோன்றிய சென்னைப் பல்கலைக் கழகத்தின் வங்கிக் கணக்குகளே 2024 ஆம் ஆண்டில் வருமான வரித் துறையால் முடக்கப்பட்டன. ஊதியமும் ஓய்வூதியமும் அப்போது தடைப்பட்டன. வரி பற்றிய வழக்கில் யார் பக்கம் நியாயம் என்பது வேறு செய்தி. மருந்துக் கடைக்காரர் அந்தத் தீர்ப்பு வரும்வரை முதியவருக்குக் கடன் கொடுத்துக் காத்திரார்.

வட்டி கொடுத்துவிட்டால் குறை தீர்ந்துவிடும் என்று சிலர் எண்ணுவர். அவ்வட்டி யாருடைய பணம்? தாமதம் செய்த அலுவலருடையது அன்று. மாணவர் கட்டிய கட்டணம், மக்கள் செலுத்திய வரி. இதனை உணர்ந்தே கேரள வழக்கில் நீதிமன்றம், அந்த இழப்பைத் தவறிழைத்த அலுவலரிடமிருந்து ஈடுசெய்து பெறலாமா என்று எண்ணிப் பார்க்கும்படி மாநில அரசைக் கேட்டுக்கொண்டது.