பல்கலைக்கழகத்திற்கும் ஒரு பஞ்சாங்கம் உண்டு

(டிசம்பர் மாதம் நம் ஆலயத்தில் நடைபெற்ற கல்வி உதவிநிதி வழங்கும் விழாவில், ஓய்வுபெற்ற ஆசிரியரும் ஆலயச் செயலவை உறுப்பினருமான ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

கல்வியின் பெருமையைப் பற்றிப் பேசுமாறு என்னைக் கேட்டுக்கொண்டார்கள். அதன் பெருமையை அறியாதவர் யாரும் இந்த மண்டபத்தில் இல்லை. ஆகவே, இன்று சிறிய விஷயம் ஒன்றை எடுத்துக்கொள்கிறேன். அது நாள்காட்டி. பல்கலைக்கழகத்தில் படிக்கும் பிள்ளைக்கு நாள் கணக்கு எப்படி ஓடுகிறது, அதை அறியாமல் நாம் எங்கே தவறுகிறோம் என்பதே என் பேச்சு. "நாம்" என்று சொல்லும்போது முதலில் என்னைத்தான் சொல்கிறேன்.

நான் முப்பது ஆண்டுகளுக்கு மேல் உயர்நிலைப் பள்ளியில் கணிதம் கற்பித்தவன். சிங்கப்பூர்ப் பள்ளி ஆண்டு ஜனவரியில் தொடங்கும். பத்துப் பத்து வாரங்களாக நான்கு தவணைகள். ஜூனில் நான்கு வாரம், ஆண்டு இறுதியில் ஆறு வாரம் விடுமுறை. மணி அடித்தால் வகுப்பு. மாணவன் இரண்டு நாள் வராவிட்டால் வகுப்பாசிரியர் வீட்டுக்குத் தொலைபேசியில் அழைப்பார். இந்த ஒழுங்கிலேயே வாழ்ந்துவிட்ட எனக்கு, பல்கலைக்கழகமும் பெரிய பள்ளிக்கூடம்தான் என்ற எண்ணம் இருந்தது. அது தவறு என்பதை ஓய்வு பெற்ற பிறகுதான் கற்றுக்கொண்டேன்.

பல்கலைக்கழகத்தில் மணி அடிப்பதில்லை. யாரும் வீட்டுக்கு அழைப்பதில்லை. மாதப் பெயர்களைவிட வார எண்களைத்தான் மாணவர்கள் அதிகம் பேசுகிறார்கள். "ஏழாம் வாரம் தேர்வு, பத்தாம் வாரம் கட்டுரை" என்பார்கள். சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தை எடுத்துக்கொள்வோம். ஆகஸ்ட் இரண்டாம் வாரத்தை ஒட்டி முதற்பருவம் தொடங்குகிறது. ஆறு வாரம் வகுப்பு, ஒரு வாரம் இடைவேளை, பிறகு ஏழு வாரம் வகுப்பு. ஆகப் பதின்மூன்று வாரப் பாடம். அதன்பின் ஒரு வாரம் படிப்பதற்கு, இரண்டு வாரம் தேர்வுக்கு. டிசம்பர் முதல் வார வாக்கில் எல்லாம் முடிந்து, ஜனவரி நடுவில் இரண்டாம் பருவம் இதே அமைப்பில் மீண்டும் தொடங்குகிறது. மற்றப் பல்கலைக்கழகங்களில் சில நாள்கள் முன்பின்னாக இருக்கலாம். ஆகவே, பிள்ளை படிக்கும் இடத்தின் நாள்காட்டியையே பார்க்கவேண்டும்.

பதின்மூன்று வாரம் என்றால் நீண்ட காலம்போல் தோன்றும். ஆனால் கணக்கு ஆசிரியன் கணக்குப் போடாமல் விடமாட்டான். சாதாரணமான ஒரு பாடத்திற்கு நான்கு அலகுகள். ஓர் அலகுக்கு வாரம் இரண்டரை மணி நேர உழைப்பு என்று பல்கலைக்கழகமே கணக்கிடுகிறது. அப்படியானால் ஒரு பாடத்திற்கு வாரம் பத்து மணி நேரம். ஐந்து பாடங்களுக்கு ஐம்பது மணி நேரம். அதில் வகுப்பில் அமர்ந்திருக்கும் நேரம் சிறு பகுதிதான். மீதி நூலகத்திலும் வீட்டு மேசையிலும் கழிய வேண்டியது. ஆகவே தாய்மார்களே, செவ்வாய்க்கிழமை பிற்பகல் மகன் வீட்டில் இருந்தால், "சும்மாதானே இருக்கிறாய், கடைக்குப் போய் வா" என்று சொல்லுமுன் சற்று யோசியுங்கள். வகுப்பு இல்லாத நேரத்தில்தான் படிப்பு நடக்கிறது.

இந்த நாள்காட்டியில் வெளியே தெரியாத கதவுகளும் உண்டு. எடுத்த பாடம் கடினமாக இருந்தால் முதல் இரண்டு வாரங்களுக்குள் அதை விட்டுவிடலாம். பதிவில் அதன் சுவடே இராது. அதன் பிறகு இடைவேளை வாரம் முடியும் வரை விலகினால், விலகியதாக ஒரு குறிப்பு மட்டும் இருக்கும். ஏழாம் வாரம் பிறந்துவிட்டால் அந்தக் கதவும் சாத்தப்படும். அப்போது விலகினால் தோல்வி என்றே பதிவாகும். விடுமுறைபோல் தோன்றும் அந்த இடைவேளை வாரம், உண்மையில் முடிவெடுக்கும் வாரம்.

இதை நான் எப்படிக் கற்றுக்கொண்டேன் என்பதைச் சொல்லியாக வேண்டும்.

2019ஆம் ஆண்டு நவராத்திரி செப்டம்பர் 29ஆம் தேதி தொடங்கியது. நம் ஆலயத்தில் தொண்டூழியம் செய்த ஓர் இளைஞர், தேசிய சேவையை முடித்துவிட்டுப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து இரண்டாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்தார். எந்த வேலை சொன்னாலும் தட்டாதவர். நவராத்திரி ஏற்பாடு என் பொறுப்பில் இருந்தது. விழாவுக்கு முந்திய வாரம் அவருக்கு இடைவேளை வாரம் என்று கேள்விப்பட்டதும், "நல்லதாப் போச்சு தம்பி, கொலுப்படி கட்ட வந்துடு" என்றேன். வந்தார். அந்த வாரம் முழுவதும் மரப்படி கட்டினார், விளக்குப் போட்டார். பிறகு ஒன்பது இரவும் அன்னதானப் பந்தியில் நின்றார். பாத்திரங்களைக் கழுவி வைத்துவிட்டு அவர் வீட்டுக்குப் போகும்போது மணி பதினொன்றாகிவிடும்.

ஒரு கணிதப் பாடத்தில் அவர் பின்தங்கியிருந்தது எனக்குத் தெரியாது. இடைவேளை வாரத்தில் விரிவுரையாளரைப் பார்த்து, அந்தப் பாடத்தைத் தொடர்வதா, விலகுவதா என்று முடிவு செய்ய நினைத்திருந்தார். முடியவில்லை. விலகுவதற்கான கடைசி நாள் கொலு வைத்த நாளோடு போய்விட்டது. நவராத்திரி நடந்த வாரத்திலேயே இடைத்தேர்வும் வந்தது. பருவ முடிவில் அந்தப் பாடத்தில் தோல்வி. அடுத்து எடுக்கவேண்டிய பாடத்திற்கு அதுவே அடிப்படை. அது ஆண்டுக்கு ஒரு முறைதான் நடத்தப்படும். அதனால் அவருடைய பட்டம் அரையாண்டு தள்ளிப்போனது.

இந்த விவரம் எனக்கு மறு ஆண்டுதான் தெரியவந்தது. அதுவும் அவர் சொல்லவில்லை. அவருடைய தாயார் சொன்னார். குறையாகச் சொல்லவில்லை, பேச்சுவாக்கில் சொன்னார். நான் அந்தப் பிள்ளையைக் கூப்பிட்டு, "ஏன் தம்பி என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல?" என்று கேட்டேன். "பெரியவங்க கோயில் வேலைக்குக் கூப்பிடும்போது முடியாதுன்னு எப்படி ஐயா சொல்றது?" என்றார்.

அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. முப்பது ஆண்டுகள் மாணவர்களிடம் "நேரத்தை வீணாக்காதே" என்று சொன்னவன் நான். ஒரு மாணவனின் முக்கியமான வாரத்தை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். அம்பாள் அதைக் கேட்கவில்லை, நான்தான் கேட்டேன். அவர் பிறகு நல்லபடியாகப் பட்டம் பெற்று இன்று பணியில் இருக்கிறார் என்பது ஒரு பெரிய ஆறுதல்.

அந்த நாள் முதல் தொண்டூழியர் பட்டியலில் மாணவர் பெயருக்கு எதிரே அவருடைய பருவ நாள்களையும் எழுதி வைத்திருக்கிறேன். படிப்பு வாரத்திலும் தேர்வு வாரங்களிலும் மாணவர்களை வேலைக்கு அழைப்பதில்லை. இடைவேளை வாரத்தில் அவர்களாக வந்தால் மட்டுமே ஏற்றுக்கொள்கிறேன்.

நம் திருநாள்களும் இந்த நாள்காட்டியும் ஒன்றோடொன்று மோதுவதற்குக் காரணம் உண்டு. நம் விழாக்கள் பலவும் திதியை ஒட்டி வருபவை. பன்னிரண்டு சந்திர மாதங்களுக்கு ஏறத்தாழ 354 நாள்கள்தாம். ஆகவே திருநாள் ஆண்டுதோறும் பதினொரு நாள் அளவுக்கு முன்னே வந்து, ஒரு கட்டத்தில் பின்னுக்குப் போகும். தீபாவளி 2023இல் நவம்பர் 12. 2024இல் அக்டோபர் 31. 2025இல் அக்டோபர் 20. 2026இல் நவம்பர் 8. பல்கலைக்கழகக் கணக்கில் பார்த்தால் அது பத்தாம் வாரத்திற்கும் பன்னிரண்டாம் வாரத்திற்கும் இடையே விழுகிறது. கட்டுரைகளும் குழுப் பணிகளும் குவியும் நேரம் அது. தீபாவளிக்குப் பொது விடுமுறை உண்டு. ஆனால் முறுக்குச் சுடவும் வீடு துடைக்கவும் விடுமுறை இல்லை. தைப்பூசம் 1968 முதல் சிங்கப்பூரில் பொது விடுமுறையாக இல்லை. 2025இல் அது பிப்ரவரி 11, செவ்வாய்க்கிழமை. இரண்டாம் பருவத்தின் ஐந்தாம் வாரம். பொங்கலோ பருவம் தொடங்கும் நாள்களை ஒட்டியே வருகிறது.

இதற்காகக் காவடி எடுக்காதீர்கள் என்று நான் சொல்லவில்லை. விரதம் இருந்து காவடி எடுத்த மாணவர்கள் நன்றாகத் தேறியதையும் பார்த்திருக்கிறேன். அவர்கள் செய்தது இதுதான். பருவம் தொடங்குமுன் பஞ்சாங்கத்தையும் பல்கலைக்கழக நாள்காட்டியையும் அருகருகே வைத்துக் குறித்துக்கொண்டார்கள். மோதும் நாள்களை முதல் வாரத்திலேயே விரிவுரையாளரிடமும் குழு நண்பர்களிடமும் சொன்னார்கள். தங்கள் பங்கு வேலையை முன்கூட்டியே முடித்துக் கொடுத்தார்கள். முன்பே சொன்னால் அது ஏற்பாடு. பிறகு சொன்னால் அது சாக்குப்போக்கு.

பெற்றோர்களுக்கும் ஒன்று சொல்வேன். ஐப்பசி முகூர்த்தத்தில் திருமணம் வைக்குமுன், ஊருக்கு விமானச் சீட்டு வாங்குமுன், பிள்ளையிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். "படிப்பு வாரம்" என்பது விடுமுறையன்று. டிசம்பர் பிறந்துவிட்டால் தேர்வு முடிந்திருக்கும் என்று நினைத்துச் சீட்டு வாங்கிவிட்டு, பிறகு பணத்தை இழந்த குடும்பம் ஒன்றை எனக்குத் தெரியும்.

இனி, நன்கொடையாளர்களிடம் ஒரு வேண்டுகோள்.

பல்கலைக்கழகக் கட்டணத்திற்கும் நாள்காட்டி உண்டு. ஆகஸ்டில் ஒரு முறை, ஜனவரியில் ஒரு முறை. அரசாங்க மானியம் போக மாணவர் செலுத்தவேண்டியதில் 90 விழுக்காடு வரை கல்விக் கட்டணக் கடன் கிடைக்கிறது. குடிமக்களுக்குப் படிக்கும் காலத்தில் வட்டியும் இல்லை. ஆனால் மீதிப் பத்து விழுக்காடு, போக்குவரத்து, சாப்பாடு, கணினி ஆகியவற்றுக்குப் பணம் ஆகஸ்டிலேயே வேண்டும். நாமோ உதவிநிதியை ஆண்டு விழாவோடு சேர்த்து டிசம்பரில் கொடுத்துவருகிறோம்.

சென்ற ஆண்டு இதே மேடையில் ஒரு மாணவி காசோலை பெற்றார். தந்தை லாரி ஓட்டுநர். கீழே இரண்டு தம்பிகள். வாழ்த்திவிட்டு, "இந்தப் பருவம் எப்படிப் போச்சும்மா?" என்று கேட்டேன். செப்டம்பரிலிருந்து நவம்பர் வரை வாரத்தில் நான்கு மாலை கடையில் வேலை பார்த்ததாகச் சொன்னார். ஐம்பது மணி நேரப் படிப்புக்கு மேல் அதுவும். நம் காசோலை அவர் கைக்கு வந்தபோது தேர்வு முடிந்திருந்தது. நம் உதவி உண்மையானது. ஆனால் பயிர் வாடிய பிறகு பெய்த மழை அது.

ஆகவே செயலவையின் முன் ஒரு யோசனையை வைத்திருக்கிறேன். விண்ணப்பங்களை மே மாதம் பெறுவோம். ஜூலையில் தேர்ந்தெடுப்போம். தொகையை இரண்டாகப் பிரித்து, ஆகஸ்ட் முதல் வாரத்தில் பாதியும் ஜனவரி முதல் வாரத்தில் பாதியும் நேரே மாணவர் கணக்கில் சேர்ப்போம். மேடையும் மாலையும் டிசம்பரில் இருக்கட்டும். பணம் அதற்காகக் காத்திருக்க வேண்டாம்.

இதற்கு உங்கள் இசைவு வேண்டும். பெற்றோரின் திதியன்றும் பிள்ளைகளின் பிறந்த நாளன்றும் நீங்கள் நன்கொடை தருகிறீர்கள். அந்த வழக்கத்தை மாற்றச் சொல்லவில்லை. உங்களுக்கு உகந்த நாளில் கொடுங்கள். அது மாணவருக்குத் தேவையான நாளில் போய்ச் சேர அனுமதி தாருங்கள். உங்கள் கையால் காசோலை கொடுக்கும் மகிழ்ச்சி சற்றுக் குறையலாம். ஆனால் ஒரு பிள்ளை பத்தாம் வாரத்து மாலையில் கடையில் நிற்காமல் மேசையில் அமர்ந்திருப்பாள். அந்தப் புண்ணியம் உங்கள் கணக்கில்தான் சேரும்.

மாணவச் செல்வங்களே, உங்களுக்கும் ஒரு சொல். பெரியவர்கள் கூப்பிட்டால் மரியாதையோடு, "ஐயா, இந்த வாரம் எனக்குத் தேர்வு; அடுத்த வாரம் வருகிறேன்" என்று சொல்லுங்கள். அது அவமரியாதை ஆகாது. நீங்கள் சொல்லாவிட்டால் எங்களுக்குத் தெரியாது. உடல் நலம் இல்லையென்றாலும், பாடம் புரியவில்லையென்றாலும், கையில் பணம் இல்லையென்றாலும் அந்த வாரமே யாரிடமாவது சொல்லுங்கள். பதின்மூன்று வாரம் என்பது உதவி கேட்கத் தயங்கும் அளவுக்கு நீண்ட காலம் அன்று.

ஜனவரியில் அடுத்த பருவம் தொடங்குகிறது. இன்று வீட்டுக்குப் போனதும் அதன் நாள்களைத் தாளில் எழுதி, சுவரில் இருக்கும் நம் ஆலய நாள்காட்டிக்குப் பக்கத்தில் ஒட்டிவையுங்கள். அம்மாவும் அப்பாவும் பார்க்கட்டும்.