வெண்ணெய்க்குப் பதில் வனஸ்பதி

வடபுலத்தில் குடியேறிய நம் தாய்மார் பலர், அண்டை வீட்டாரிடம் நான்கட்டாயும் வெண்ணெய் பிஸ்கோத்தும் சுடக் கற்றுக்கொண்டுள்ளனர். வெண்ணெயின் விலையைக் கண்டு மலைக்கையில், அதே நிறை வனஸ்பதியை இட்டால் என்ன என்று தோன்றுவது இயல்பே. இடலாம், ஆயினும் கணக்கறிந்து இட வேண்டும்.

கடை வெண்ணெயில் 100-க்கு 80 பங்கே கொழுப்பு. ஏறத்தாழ 16 பங்கு நீர். எஞ்சியவை உப்பும் பாற்பொருளும். வனஸ்பதியோ ஏறக்குறைய முழுவதும் கொழுப்பு. ஆகவே 100 கிராம் வெண்ணெய்க்கு ஈடாக 80 கிராம் வனஸ்பதி, ஒரு மேசைக்கரண்டி பால், ஒரு சிட்டிகை உப்பு ஆகியவை போதும். அதே நிறை இட்டால் மாவில் எண்ணெய்ப் பசை மிகுந்து, பிஸ்கோத்து கையிலேயே உதிரும்.

அடுத்தது உருகும் தன்மை. வெண்ணெய் 32 முதல் 35 டிகிரிக்குள் உருகும். வைகாசி வெயிலில் தில்லிச் சமையலறை அச்சூட்டை எளிதில் எட்டும். பிசைந்த மாவு தளர்ந்து, ஓவனில் பரந்து தட்டையாகிவிடும். வனஸ்பதி சற்று மிகுந்த சூட்டையும் தாங்குவதால் உருண்டையின் வடிவம் நிலைக்கும். ஆயினும் வெண்ணெயின் மணமும், பாற்பொருள் சிவந்து தரும் பொன்னிறமும் அதற்கு வாரா.

இனி உடல்நலம். தாவர எண்ணெயில் ஹைட்ரஜன் வாயுவைச் செலுத்திக் கெட்டியாக்கியதே வனஸ்பதி. 1937-இல் டால்டா என்னும் பெயருடன் அது நம் நாட்டுக் கடைகளுக்கு வந்தது. அரைகுறையாகக் கெட்டியாக்கும்போது தோன்றும் டிரான்ஸ் கொழுப்பு, தீய கொலஸ்டிராலை உயர்த்தி நல்லதைக் குறைத்து, இதயத்துக்கு ஊறு செய்வது பின்னாளில் தெளிவாயிற்று. எண்ணெய், கொழுப்பு வகைகளில் அது 2 சதவீதத்தைத் தாண்டலாகாது என்னும் விதி 2022 ஜனவரி முதல் நடப்பில் உள்ளது. உதிரியாக விற்பதில் அவ்வளவை அறிய வழியில்லை. ஆதலால் முத்திரையிட்ட பொட்டலத்தையே வாங்கி, மேலே அச்சிட்டதைப் படித்துப் பாருங்கள்.

சிக்கனமும் சுவையும் ஒருங்கே வேண்டுவோர்க்கு நடுவழி ஒன்றுண்டு: 50 கிராம் வெண்ணெய், 40 கிராம் வனஸ்பதி, அரை மேசைக்கரண்டி பால். மாவு தளர்வதே கவலையாயின், வனஸ்பதியும் வேண்டாம். உருட்டிய மாவை அரை மணி நேரம் குளிர்பெட்டியில் வைத்துச் சுட்டால் போதும். பிஸ்கோத்து நாள்தோறும் உண்ணும் பண்டமன்று. விருந்துக்குச் சுடும் நாளிலேனும் வெண்ணெயை முழுதாகவே இடுங்கள்.