திருமண வீட்டில் வீடியோ: தீர்மானிக்கும் முன் சிந்திப்போம்!

 

 

சென்ற வாரம் அஸர் தொழுகைக்குப் பின் நம் சகோதரர் ஒருவர் என்னருகே வந்தமர்ந்தார். அவருடைய மகளுக்கு நிகாஹ். அக்து நம் பள்ளிவாசலில். பின்னர் வீட்டில் எண்பது பேருக்கு மட்டும் சாப்பாடு. எளிமையான ஏற்பாடுதான். ஆயினும் ஒரு காரியத்தில் அவருடைய மனம் தடுமாறிற்று.

"ஹஜ்ரத், வீடியோ எடுப்பவர் ரூ.25,000 கேட்கிறார். மாப்பிள்ளை வீட்டார், எடுத்தால் நன்றாயிருக்கும் என்கிறார்கள். மூத்த மகன் தம்மாமில் இருக்கிறான், விடுப்புக் கிடைக்கவில்லை. தங்கையின் நிகாஹைப் படத்திலாவது பார்க்க வேண்டும் என்று போனில் அழுகிறான். மகளோ, வேண்டாம் அத்தா என்கிறாள். கையில் பணமும் இல்லை. கடன்தான் வாங்க வேண்டும். நான் என்ன செய்வது?"

இது அவர் ஒருவருடைய கேள்வியன்று. நம்மில் பல வீடுகளில் இதே கேள்வி எழுகிறது. ஆகவேதான் இன்று இதைப் பற்றிப் பேசுகிறேன். வீட்டிலுள்ள தாய்மார்களுக்கும் இதை எடுத்துச் சொல்லுங்கள்.

நிகாஹுக்கு எது அவசியம்?

மணமக்களின் சம்மதம், வலீ, இரு சாட்சிகள், ஈஜாப்-கபூல், மஹர் ஆகியவற்றைத்தான் நம் ஃபிக்ஹு நூல்கள் பேசுகின்றன. நிகாஹை மறைக்காமல் அறிவிக்க வேண்டும் என்பதும் மார்க்கத்தின் கட்டளை. ஜமாஅத்தார் கூடியிருக்கும் பள்ளிவாசலில் அக்து நடந்தாலே அந்த அறிவிப்பு நிறைவேறிவிடுகிறது. அத்தாட்சிக்கு நம் ஜமாஅத்தின் நிகாஹ் பதிவேடு இருக்கிறது. தமிழகத்தில் 2009ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 90 நாட்களுக்குள் அரசிடம் பதிவு செய்ய வேண்டும். அதற்கும் வீடியோ தேவையில்லை.

ஹிஜ்ரத் செய்து மதீனா வந்த அப்துர்ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரலி) அவர்களின் ஆடையில் மஞ்சள் நிறத்தின் அடையாளத்தைக் கண்ட நபி (ஸல்) அவர்கள், என்ன செய்தி என்று வினவினார்கள். அன்ஸாரிப் பெண் ஒருவரை மணந்துகொண்டதாகவும், பேரீச்சங்கொட்டை எடையளவு தங்கத்தை மஹராகத் தந்ததாகவும் அவர் கூறினார். நபியவர்கள் பரக்கத் வேண்டி துஆ செய்து, ஓர் ஆட்டையேனும் அறுத்து வலீமா கொடுக்கும்படி கூறினார்கள். புகாரி, முஸ்லிம் ஆகிய நூல்களில் இச்செய்தி இடம்பெறுகிறது. அதே ஊரில் நபியவர்கள் வாழ்ந்துகொண்டிருக்க, அவர்களுக்கே பின்னர்தான் தெரியவந்த திருமணம் அது! அத்தனை எளிமை. அதற்காக அவர்கள் கண்டிக்கவுமில்லை.

கருத்து வேறுபாடு உள்ளதும், இல்லாததும்

வீடியோ கூடுமா, கூடாதா என்பதில் உலமாக்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. தடுக்கப்பட்ட உருவப்படங்களில் இதுவும் அடங்கும் என்று கூறித் தடுப்போர் உள்ளனர். எகிப்தின் முஃப்தியாக விளங்கி 1935இல் மறைந்த ஷைகு முஹம்மது பகீத் அல்முதீஈ அவர்கள், புகைப்படம் என்பது நிழலைப் பிடித்து வைப்பதே என்று கூறி அனுமதித்து நூலே எழுதினார்கள். வீடியோவைக் கண்ணாடியில் தோன்றும் பிம்பத்திற்கு ஒப்பிடும் அறிஞர்களும் உள்ளனர். அறிஞர்கள் வேறுபட்ட இடத்தில் ஒருவரையொருவர் பழித்துப் பேச நமக்கு உரிமையில்லை. பேணுதலாக விலகியிருப்பவரை அல்லாஹ் பொருந்திக்கொள்வானாக!

ஆனால், அனுமதிப்போரும் தடுப்போரும் ஒன்றுபடும் இடங்கள் உள்ளன. அலங்கரித்த பெண்களை அந்நிய ஆண்கள் பார்ப்பது கூடாது. வீண்விரயம் கூடாது. பெருமைக்காகச் செய்வது கூடாது. நம் வீட்டு வீடியோவில் இம்மூன்றும் இருக்குமாயின், அதைக் கருத்து வேறுபாட்டின் நிழலில் ஒளித்துவைக்க முடியாது.

ஒரு விருந்தன்று இறங்கிய வசனம்

அன்புச் சகோதரர்களே! அல்அஹ்ஸாப் சூராவின் 53ஆம் வசனம் எப்போது இறங்கியது தெரியுமா? ஒரு வலீமா விருந்தின்போது இறங்கியது.

அன்னை ஜைனப் பின்த் ஜஹ்ஷ் (ரலி) அவர்களை மணமுடித்தபோது நபி (ஸல்) அவர்கள் ரொட்டியும் இறைச்சியும் கொடுத்து விருந்தளித்தார்கள். உண்டு முடித்த பின்பும் சிலர் எழுந்து செல்லாமல் பேசிக்கொண்டே அமர்ந்திருந்தார்கள். எழுந்து செல்லுங்கள் என்று கூற நபியவர்களின் நாணம் இடம் தரவில்லை. வெளியே சென்று திரும்பி வந்தார்கள். அப்போதும் அவர்கள் அமர்ந்திருந்தார்கள். அவர்கள் கலைந்து சென்ற பிறகு நபியவர்கள் இல்லத்தினுள் நுழைந்தார்கள், திரை தொங்கவிடப்பட்டது. அழைக்காமல் நுழையாதீர்கள், உண்டால் கலைந்து செல்லுங்கள், நபியின் மனைவியரிடம் திரைக்கு அப்பாலிருந்து கேளுங்கள் என்னும் கருத்தில் இறைவன் வசனத்தை இறக்கினான். பணிவிடை செய்த அனஸ் (ரலி) அவர்கள் இந்நிகழ்ச்சியை அறிவிக்கிறார்கள்.

சற்றுச் சிந்தியுங்கள். உண்டபின் சிறிது நேரம் கூடுதலாக அமர்ந்திருந்த விருந்தாளிகளையே அல்லாஹ் எச்சரித்தான். நாமோ, விருந்து முடிந்தும் என்றைக்குமே எழுந்து செல்லாத ஒரு கண்ணைப் பணம் கொடுத்து வீட்டுக்குள் அழைத்து வருகிறோம். திருமண வீட்டில்தான் திரை இறங்கியது. இன்று திருமண வீட்டில்தான் அந்தத் திரை விலக்கப்படுகிறது.

எங்கே போய்ச் சேர்கிறது?

முன்பு கேசட்டாகவோ சிடியாகவோ அலமாரியில் இருந்தது. இன்று பதிவு மெமரி கார்டிலிருந்து ஸ்டூடியோவின் கம்ப்யூட்டருக்குப் போகிறது. அங்கே நமக்குத் தெரியாதவர்கள் நாட்கணக்கில் அமர்ந்து, நம் பெண்களின் முகங்களை நிறுத்தி நிறுத்திப் பார்த்து வெட்டி ஒட்டுகிறார்கள். அது அவர்களுடைய தொழில்; அவர்களைக் குறை கூறவில்லை. அங்கே கொண்டுபோய்க் கொடுத்தவர்கள் நாம்தாம்.

எனக்குத் தெரிந்த ஒரு குடும்பத்தில், பெண்கள் பகுதியில் எடுத்த காட்சிகளைச் சேர்த்து, ஸ்டூடியோக்காரர் தம் விளம்பரத்திற்காக இணையத்தில் போட்டுவிட்டார். உறவினர் ஒருவர் வெளிநாட்டிலிருந்து கண்டு சொன்ன பிறகே இவர்களுக்குத் தெரிந்தது. கேட்டவுடன் நீக்கிவிட்டார். ஆனால் அதற்குள் எத்தனை பேர் பார்த்தார்கள், எத்தனை பேர் தம் போனில் எடுத்து வைத்தார்கள்? மணப்பெண்ணின் தாய் என் மனைவியிடம் வந்து அழுததை நான் மறக்கவில்லை.

ஒருவர் அக்கம்பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டு ஒரு செய்தியைச் சொன்னால், அதுவே அமானிதம் என்று நபி (ஸல்) அவர்கள் கூறியதாக அபூதாவூத், திர்மிதீ நூல்களில் வருகிறது. 'யாரிடமும் சொல்லாதே' என்று அவர் வாயால் கூறவும் தேவையில்லை. சொல்லுக்கே இந்தப் பாதுகாப்பு என்றால், நம்மை நம்பி நம் வீட்டு விருந்துக்கு வந்த பெண்களின் தோற்றத்திற்கு எவ்வளவு பாதுகாப்பு வேண்டும்? அவர்களிடம் நாம் அனுமதி கேட்டோமா?

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ஒரு நிகாஹ் மஜ்லிஸில் நான் அக்தை முடித்தவுடன் வீடியோக்காரர், "ஹஜ்ரத், மாப்பிள்ளை முகம் சரியாக விழவில்லை, மறுபடியும் ஒருமுறை சொல்லச் சொல்லுங்கள்" என்றார். மாப்பிள்ளையும் என் முகத்தைப் பார்க்காமல் கேமராவையே பார்த்துக்கொண்டிருந்தார். துஆவுக்குக் கையேந்திய நேரத்தில் எல்லோர் முகத்திலும் விளக்கொளி. மறுமுறை சொல்ல நான் இசையவில்லை. உரிய நேரத்தில் முன்னரே ஒழுங்கு சொல்லாதது என் குறைதான் என்று இன்றும் வருந்துகிறேன்.

என்ன செய்யலாம்?

அந்தச் சகோதரரிடம் நான் மூன்று விஷயங்களைக் கூறினேன்.

முதலாவது, மகளின் சொல்லைக் கேளுங்கள். படத்தில் இருக்கப்போவது அவள். அவள் வேண்டாம் என்றால், ஊராரின் விருப்பத்திற்காக அவளை வற்புறுத்தாதீர்கள்.

இரண்டாவது, இதற்காகக் கடன் வாங்காதீர்கள். விருந்து சில மணி நேரத்தில் முடியும். கடனோ மாதக்கணக்கில் உங்கள் உறக்கத்தைக் கெடுக்கும்.

மூன்றாவது, தூரத்திலுள்ள மகனின் ஏக்கத்தை அலட்சியம் செய்யாதீர்கள். இரத்த உறவைப் பேணுவதும் மார்க்கம்தான். பாலைவன வெயிலில் உழைத்து இக்குடும்பத்தைத் தாங்குகிறவன் அவன். பள்ளிவாசலில் அக்து நடக்கும்போது உறவினர் ஒருவர் தம் போனில் அவனை அழைத்து நேரடியாகக் காட்டட்டும். அவனும் அங்கிருந்தே துஆவில் ஆமீன் சொல்லட்டும். மகள் விரும்பினால், பெண்கள் அறையில் அவளுடைய சொந்த போனில் சாச்சியோ மாமியோ அவளை மட்டும் இரண்டு படம் எடுக்கட்டும். அந்தப் படம் அந்த போனிலேயே இருக்கட்டும். ஸ்டேட்டஸில் போட வேண்டாம்.

அனுமதிக்கும் உலமாக்களின் கருத்தை ஏற்று ஆள் வைத்தே தீருவோர், ஆண்கள் பகுதியுடன் நிறுத்திக்கொள்ளுங்கள். வந்தோரிடம் முன்கூட்டியே தெரிவியுங்கள். பதிவு முழுவதையும் திருப்பித் தர வேண்டும், எங்கும் வெளியிடக் கூடாது என்று எழுதி வாங்குங்கள். அக்தின்போதும் துஆவின்போதும் மஜ்லிஸுக்கு இடையூறு செய்யக் கூடாது என்று முன்னரே கூறிவிடுங்கள்.

அச்சகோதரருக்கு மாப்பிள்ளை வீட்டாரிடம் இதை எப்படிச் சொல்வது என்ற தயக்கம் இருந்தது. நானும் உடன் சென்றேன். மாப்பிள்ளையின் தாயார் முதலில் சற்று வருந்தினார்; பின்னர், "எங்கள் வீட்டுக்கு வரும் பெண்தானே, அவள் மனம் நோக வேண்டாம்" என்றார். அல்ஹம்துலில்லாஹ்! அந்த ஒரு சொல், எந்தக் கேமராவிலும் பதியாத சொல், அந்தப் பெண்ணின் வாழ்நாள் முழுதும் நினைவிலிருக்கும்.

அன்பானவர்களே! நாம் பதிவு செய்யாவிட்டாலும் நம் தோள்களில் இரு மலக்குகள் பதிவு செய்துகொண்டுதான் இருக்கிறார்கள். அந்த ஏட்டில் நம் வீட்டுத் திருமணம் எப்படிப் பதிவாகிறது என்பதே நமக்கு முக்கியம்.

யா அல்லாஹ்! எங்கள் பிள்ளைகளின் இல்வாழ்வில் பரக்கத் செய்வாயாக! எங்கள் பெண்களின் கண்ணியத்தைக் காப்பாயாக! பிழைப்புக்காகக் குடும்பத்தைப் பிரிந்து தூர தேசங்களில் இருப்போரை நலமுடன் அவர்தம் உறவுகளுடன் சேர்த்துவைப்பாயாக! ஆமீன்.