வாங்கிய மென்பொருள் ஏன் வேலை செய்ய மறுக்கிறது?



நம் நெகிரி செம்பிலான் தோட்டங்களில் இருபது ஆண்டுகளுக்கு முன் நடந்த திருமணங்களையும் தீமிதிகளையும் இளைஞர்கள் வீடியோ எடுத்து, கணினியில் வெட்டி ஒட்டிப் பாட்டுச் சேர்த்துக் கொடுத்தார்கள். நீலாய்ப் பக்கம் பல தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாகிவிட்டன. அங்கிருந்த லயன் வீடுகளை இனி அந்தப் படங்களில்தான் பார்க்கலாம். ஆனால் அதே மென்பொருளை இன்று புதுக் கணினியில் போட்டால், வரிசை எண் சரியாக இருந்தும் அது இயங்க மறுக்கிறது. காசு கொடுத்து வாங்கியதுதானே?

வாங்கியது வட்டுதான், நேயர்களே. மென்பொருளைப் பொறுத்தவரை நமக்குக் கிடைத்தது பயன்படுத்தும் அனுமதி மட்டுமே. முன்பு வானொலிப் பெட்டி நம்முடையதாக இருந்தும் லைசென்ஸ் கட்டினோம் அல்லவா? இங்கே அந்த லைசென்ஸைக் கணினியே சோதிக்கிறது. நம் வரிசை எண்ணையும் கணினியின் அடையாளத்தையும் இணையம் வழியாக நிறுவனத்துக்கு அனுப்புகிறது. அங்கிருந்து 'சரி' என்று பதில் வந்தால்தான் வேலை நடக்கும். அடோபி நிறுவனம் இரண்டு கணினிகளுக்கு அனுமதி தந்தது. பதிவை நீக்குமுன் ஒரு கணினி பழுதானால், அந்த இடம் நிரம்பியதாகவே கணக்கில் நிற்கும்.

பதில் சொல்லும் கணினியையே நிறுவனம் மூடிவிட்டால்? அதுவும் நடந்தது. அடோபியின் 'கிரியேட்டிவ் சூட் 2' தொகுப்புக்கான சோதனைக் கணினி நின்றதும், 2013 தொடக்கத்தில், சோதனை தேவைப்படாத பதிப்பை அந்நிறுவனம் கொடுத்தது. அந்த ஏற்பாடும் நிலைக்கவில்லை. இன்று 2, 3, 4 ஆகிய தொகுப்புகளை, மூல வட்டு கையில் இருந்தாலும், மீண்டும் நிறுவ இயலாது. இது நியாயம் என்று நமக்குத் தோன்றவில்லை.

அதற்காகப் பூட்டை உடைக்கும் நிரல்களைத் தேட வேண்டாம். அவற்றோடு நச்சுநிரலும் வந்து, இருக்கும் படத்தையும் அழித்துவிடலாம். தவிர, மலேசியாவின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரல்களையும் பாதுகாக்கிறது.

பழைய கணினி இன்னும் ஓடுகிறதா? அதை அழித்து எதையும் புதிதாக நிறுவாதீர்கள். முதலில் படத்தை முழுமையான எம்.பி.4 கோப்பாக எடுத்து இரண்டு இடங்களில் வையுங்கள். 'புராஜெக்ட்' கோப்பு மட்டும் போதாது. அது எங்கே வெட்டுவது, எங்கே ஒட்டுவது என்ற குறிப்பு மட்டுமே. சமையல் குறிப்பைச் சாப்பிட முடியுமா? படம் எடுத்தவரிடம் மூல நாடா இருந்தால் அதையும் கேட்டு வாங்குங்கள்.

புதிய வேலைக்கு 'ஷாட்கட்', 'கேடென்லைவ்' போன்ற இலவச மென்பொருள்கள் உள்ளன. அவற்றுக்கு இந்தச் சோதனை கிடையாது. ஆனால் பழைய 'பிரீமியர்' கோப்புகளை அவை அப்படியே திறந்துவிடும் என்று நம்பிப் பழைய கணினியைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.