பலகையில் எழும் பாட்டு



இன்று உங்களை மெக்சிகோவின் கிழக்குக் கரைக்கு அழைத்துப் போகிறேன். ஊரின் பெயர் வெராக்ரூஸ். மெக்சிகோ வளைகுடாவைப் பார்த்தபடி நிற்கும் பழைய துறைமுகம். கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்தாலும் இந்த ஊரைத் தெரிந்துகொள்ளலாம். வானொலியில் பேச இதைவிட நல்ல ஊர் எனக்குக் கிடைத்திருக்காது.

காலையில் அங்கே கேட்ட முதல் ஓசை, கண்ணாடித் தம்ளரில் கரண்டி தட்டும் ஓசை. ‘லா பரோக்கியா’ என்ற காப்பிக்கடை துறைமுகத்தையொட்டி இருக்கிறது. உயரமான தம்ளரின் அடியில் இரண்டு விரற்கடை அளவுக்குக் கெட்டியான டிகாக்ஷன் ஊற்றி வைத்துவிட்டுப் போய்விடுகிறார்கள். பால் வேண்டுமென்றால் கரண்டியால் தம்ளரைத் தட்ட வேண்டும். டிங், டிங். கெண்டியோடு ஒருவர் வருவார், கொதிக்கும் பாலை மேலேயிருந்து ஒரே தாரையாக ஊற்றிவிட்டுப் போவார். ஒரு மேசை ஓய்ந்தால் அடுத்த மேசை. கடை முழுக்க அந்த ஓசைதான். எதையும் தட்டிக் கேட்டுப் பழகிய ஊர் இது என்பது அன்று மாலையும் அதற்கடுத்த நாட்களிலும் எனக்கு விளங்கியது.

மாலை நகரத்தின் நடுச் சதுக்கத்துக்குப் போனேன். ‘சோக்கலோ’ என்பார்கள். தென்னையும் பனையும் சூழ்ந்த திறந்தவெளி, ஒரு பக்கம் பழைய தேவாலயம். எக்காளம், கிளாரினெட், சாக்சபோன், இரண்டு உலோக மேளங்கள், குச்சியால் சுரண்டி ஒலி எழுப்பும் சுரைக்குடுக்கை, இவற்றோடு ஓர் இசைக்குழு அமர்ந்திருந்தது. வெள்ளைச் சட்டையும் தொப்பியுமாக ஆண்கள், கையில் விசிறியோடு பெண்கள். பலருக்கு எழுபது வயது தாண்டியிருக்கும். அவர்கள் ஆடியது ‘தான்சோன்’.

தான்சோன் கியூபாவில் பிறந்த ஆட்டம். மிகேல் ஃபாயில்தே என்ற இசையமைப்பாளர் 1879 ஜனவரி 1 அன்று மாத்தான்சாஸ் நகரில் முதல் தான்சோனை அரங்கேற்றினார் என்பது வரலாறு. கியூபாவின் விடுதலைப் போர்களுக்கு அஞ்சிக் கடல் தாண்டி வந்தவர்களோடு அது வெராக்ரூஸில் இறங்கியது. இன்று கியூபாவைவிட இங்கேதான் அதைக் கண்ணும் கருத்துமாகக் காத்து வருகிறார்கள். ஒரே செங்கல்லின் மேல் நின்று ஆடிவிட வேண்டும் என்பது இங்கே ஒரு சொலவடை. அவ்வளவு சிறிய அடிகள், அவ்வளவு அடக்கம்.

இதில் என்னை மிகவும் கவர்ந்தது ஆட்டத்தின் நடுவே வரும் நிறுத்தம். பாட்டின் தொடக்கப் பகுதி திரும்பத் திரும்ப வரும். அது வரும்போதெல்லாம் எல்லா ஜோடிகளும் சட்டென்று நின்றுவிடுகிறார்கள். பெண்கள் விசிறியை விரித்து வீசிக்கொள்கிறார்கள். பக்கத்து ஜோடிக்கு ஒரு புன்னகை, ஒரு தலையசைப்பு. இசை மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். யாரும் கைகாட்டுவதில்லை, யாரும் எண்ணுவதில்லை. ஆனால் மீண்டும் தொடங்க வேண்டிய அடி வந்ததும் நூறு கால்கள் ஒன்றாக நகர்கின்றன. ஆடத் தெரிந்தவர்கள் பலரைப் பார்த்திருக்கிறேன். இவ்வளவு நன்றாக நிற்கத் தெரிந்தவர்களை அங்கேதான் பார்த்தேன்.

நேயர்களே, ஆட்டமும் இசையும் இந்தக் கரைக்கு எப்படி வந்தன என்பதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். 1519-இல் ஸ்பானியப் படைத்தலைவர் எர்னான் கொர்தேஸ் இறங்கிய கரை இது. அதன்பின் ஸ்பெயினிலிருந்து வந்த கப்பல்கள் பெரும்பாலும் இங்கேதான் நங்கூரம் போட்டன. அந்தக் கப்பல்களில் கித்தார் வந்தது, யாழ் போன்ற ஆர்ப்பா வந்தது. விலங்கு பூட்டிய ஆப்பிரிக்க மக்களும் வந்தார்கள். கரும்புத் தோட்டங்களிலிருந்து தப்பியவர்கள் மலைக்குள் போய்த் தங்களுக்கென ஊர் அமைத்துக்கொண்டார்கள். யாங்கா என்பவர் தலைமையில் இருந்த கூட்டத்தை 1609-இல் ஸ்பானியப் படை தாக்கியது. அடக்க முடியவில்லை. கடைசியில் உடன்பாடு செய்து சுதந்திர ஊராகவே ஏற்றுக்கொள்ள வேண்டியதாயிற்று. அந்த ஊர் இன்றும் இருக்கிறது. அதன் பெயரே யாங்காதான்.

ஸ்பானியர், ஆப்பிரிக்கர், மண்ணின் பூர்வகுடிகள் ஆகிய மூவரும் கலந்து பிறந்த மக்களை ‘ஹரோச்சோ’ என்று இழிவாக அழைத்தார்கள். இன்று வெராக்ரூஸ்காரர் ஒருவரிடம் நீங்கள் யார் என்று கேளுங்கள். ‘நான் ஹரோச்சோ’ என்று நெஞ்சு நிமிர்த்திச் சொல்வார். ஆனால் ஆப்பிரிக்க வேரை நாடு முறையாக ஒப்புக்கொள்ள மிக நீண்ட காலம் ஆயிற்று. 2019-இல்தான் மெக்சிகோவின் அரசியல் சட்டம் ஆப்பிரிக்க வம்சாவளி மக்களைப் பெயர் சொல்லி அங்கீகரித்தது. 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 25 லட்சத்துக்கும் மேற்பட்டோர் தங்களை அவ்வாறு பதிவு செய்துகொண்டார்கள். சட்டம் மறந்திருந்த அத்தனை காலமும் அந்த மக்களின் தாளத்தைப் பாட்டு மறக்கவில்லை.

1766-இல் நடந்த ஒன்றைக் கேளுங்கள். அப்போது வெராக்ரூஸில் மாலுமிகளும் சிப்பாய்களும் கலப்பினத்து ஏழைகளும் ‘சுசும்பே’ என்ற ஆட்டத்தை ஆடிவந்தார்கள். அதன் பாட்டுகள் பாதிரியார்களைக் கேலி செய்தன. மதவிசாரணை மன்றத்துக்குப் புகார் போனது. மன்றம் ஆட்டத்தைத் தடை செய்தது. தடை செய்வதற்கு முன் சாட்சியத்துக்காக அந்தப் பாட்டின் வரிகளை எழுதி வாங்கி ஆவணத்தில் சேர்த்தது. அழிக்க நினைத்தவர்களின் ஏட்டில்தான் அந்தப் பாட்டு இன்றைக்கும் உயிரோடு இருக்கிறது!

சரி, இனி பேருந்தில் ஏறுவோம். வெராக்ரூஸிலிருந்து தென்கிழக்கே ஏறக்குறைய 100 கிலோமீட்டர். ஒரு பக்கம் கடலும் மணல்மேடுகளும், மறுபக்கம் கரும்புக் காடும் மேய்ச்சல் நிலமும். வழியில் ஆல்வராதோ என்ற மீன்பிடி ஊர். அங்கே மீனும் இறாலும் நண்டும் சேர்த்துக் குழம்போடு குழைய வேகவைத்த சோறு ஒன்று கிடைக்கும். தவறவிடாதீர்கள். அதைத் தாண்டினால் அகலமான பாபலோஅபான் ஆறு. பூர்வகுடிகளின் நாவா மொழியில் அந்தப் பெயருக்கு வண்ணத்துப்பூச்சிகளின் ஆறு என்று பொருள். அதன் கரையில் த்லாகோதால்பான் என்ற சிற்றூர்.

தாழ்ந்த ஓட்டு வீடுகள், வீட்டுக்கு முன்னால் தூண் வரிசையோடு நீளும் தாழ்வாரம். ஒரு வீடு நீலம், அடுத்தது மாம்பழ மஞ்சள், அதற்கடுத்தது ரோஜா நிறம். 1998-இல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரிய ஊர்களில் ஒன்றாகச் சேர்த்தது. ஆண்டு முழுக்க அமைதியாக இருக்கும் இந்த ஊர், ஜனவரி கடைசியில் காந்தெலாரியா மாதாவின் திருவிழாவுக்கு விழித்துக்கொள்கிறது. பிப்ரவரி 2 அன்று மாதாவைப் படகில் ஏற்றி ஆற்றில் ஊர்வலம் விடுகிறார்கள். அதற்கு முந்தின நாள் காளைகளை ஆற்றில் நீந்தவைத்துக் கொண்டுவந்து தெருவில் விடும் வழக்கமும் உண்டு. அந்த மாடுகள் படும் பாட்டை என்னால் சகிக்க முடியாது. அதை நிறுத்தச் சொல்லி அந்த நாட்டிலேயே குரல் கொடுப்பவர்களின் பக்கம்தான் நான்.

நான் போனது இரவுக்காக. இரவில்தான் ‘ஃபந்தாங்கோ’.

ஃபந்தாங்கோ என்றால் கச்சேரி என்று நினைத்துவிடாதீர்கள். மேடை கிடையாது, நுழைவுச்சீட்டு கிடையாது, பார்வையாளர் வரிசை கிடையாது. நடுவில் ஒரு மரப்பலகை மட்டும் உண்டு. ‘தரிமா’ என்று பெயர். கட்டில் உயரத்துக்கும் குறைவான, உள்ளே வெற்றிடம் விட்ட தட்டையான மரப்பெட்டி. ஒலி வெளியே வரப் பக்கவாட்டில் துளைகள் போட்டிருக்கும். அதைச் சுற்றித்தான் எல்லாரும் நிற்கிறார்கள். தரையில் நின்று ஆடினால் அது ஆட்டம். தரிமாவில் ஏறி ஆடினால் அது வாசிப்பு. ஆடுகிறவரின் குதிகால்தான் அங்கே மேளம்.

மற்ற கருவிகளையும் சொல்லிவிடுகிறேன். ‘ஹரானா’ என்பது சிறிய கித்தார் போன்றது. உடலும் கழுத்தும் ஒரே மரத்தில் குடைந்தவை. ஏகாண்ட வீணையை அறிந்தவர்களுக்கு இந்த வேலையின் அருமை புரியும். அதில் எட்டுத் தந்திகள். விரல் மடக்கி மேலும் கீழும் வீசி வாசிப்பார்கள். ‘ரெக்கிந்தோ’வுக்கு நான்கு தந்திகள், மாட்டுக்கொம்பில் சீவிய நீண்ட மீட்டுகோல். மெட்டைத் தொடங்கி வைப்பது அதன் வேலை. ரெக்கிந்தோ வாயைத் திறக்காமல் மற்றவர்கள் தொடங்கக் கூடாது. இன்னொரு கருவியைப் பார்த்ததும் திகைத்துப்போனேன். காய்ந்த கழுதையின் தாடையெலும்பு! கையால் குத்தினால் பற்கள் கடகடவென்று அதிரும், குச்சியால் சுரண்டினால் கரகரக்கும். சிலர் ஹரானாவின் வயிற்றுக்குள் விரியன் பாம்பின் கிலுகிலுப்பை வாலைப் போட்டு வைப்பார்கள். நாதம் நன்றாக இருக்கும் என்பது அவர்கள் நம்பிக்கை.

முதல் பாட்டு பெரும்பாலும் ‘எல் சிகிசிரி’தான். வந்தவர்களை வணங்கி, பாட அனுமதி கேட்கும் பாட்டு. இரண்டு பெண்கள் தரிமாவில் ஏறி எதிரெதிரே நிற்கிறார்கள். பெண்கள் மட்டுமே ஆடும் பாட்டுகள் உண்டு, ஆணும் பெண்ணும் ஆடும் பாட்டுகள் உண்டு. எது எந்த வகை என்பது ஊரில் குழந்தைக்கும் தெரியும். ஆடுகிறவளின் இடம் வேண்டுமென்றால் இன்னொருத்தி ஏறி அவள் தோளை மெல்லத் தொடுகிறாள். அவள் இறங்கிவிடுகிறாள். முகம் சுளிப்பதில்லை. பாட்டியின் இடத்துக்குப் பேத்தி வருகிறாள், பேத்தியின் இடத்துக்குப் பக்கத்து ஊர்க்காரி வருகிறாள். பாட்டு மட்டும் நிற்பதில்லை. ஒரே பாட்டு அரைமணி நேரம் ஓடும்.

இப்போது என்னோடு ஆறு வரை எண்ணுங்கள், நேயர்களே. ஒன்று-இரண்டு-மூன்று, ஒன்று-இரண்டு-மூன்று. அது ஒரு வகை. அதே ஆறை இப்படி எண்ணுங்கள்: ஒன்று-இரண்டு, ஒன்று-இரண்டு, ஒன்று-இரண்டு. இந்த இரண்டு கணக்கும் ஒரே நேரத்தில் ஓடினால் அதுதான் இந்த மண்ணின் பெரும்பாலான பாட்டுகளின் தாளம். கை ஒரு கணக்கில் போகும், கால் இன்னொரு கணக்கில் போகும். முதல் கால்மணி நேரம் எனக்குத் தலை சுற்றியது. பிறகு யோசிப்பதை விட்டுவிட்டேன், தாளம் தானாகப் பிடிபட்டது.

இன்னொரு ஒழுங்கும் உண்டு. பாடகர் பாட வாயெடுத்ததும் தரிமாவில் நிற்பவர்கள் காலடியை அடக்கிக்கொள்கிறார்கள். தேய்ப்பது போல மெல்லிய ஒலி மட்டும். வரிகள் எல்லார் காதிலும் விழ வேண்டும். ஒருவர் ஒரு செய்யுள் பாடினால் எதிரில் நிற்பவர் அதற்கு விடையாக இன்னொன்று பாடுகிறார். சில அந்த இடத்திலேயே கட்டியவை. பாட்டு முடிந்து கருவிகள் மட்டும் ஒலிக்கும்போதுதான் கால்கள் முழு வேகத்தில் இறங்குகின்றன. பலகை இடிபோல முழங்குகிறது. தான் பேசியும் பிறரைப் பேசவிட்டும் நடக்கும் இந்த மரியாதையை நான் எந்த மேடையிலும் கண்டதில்லை.

இந்த ஊர்ப் பாட்டு ஒன்று உங்களுக்கும் தெரியும். ‘லா பாம்பா’. 1958-இல் ரிச்சி வாலென்ஸ் என்ற 17 வயதுப் பையன் அதை ராக் இசையாகப் பாடினான். கலிஃபோர்னியாவில் பிறந்த மெக்சிகோ வம்சாவளிப் பையன். ஸ்பானிய மொழி அவனுக்குச் சரளமாக வராது. 1959 பிப்ரவரி 3 அன்று விமான விபத்தில் இறந்துபோனான். காந்தெலாரியா விழாவுக்கு மறுநாள் அது. அவன் பாடியது உலகம் சுற்றியது. ஆனால் அந்தப் பாட்டு இந்த ஆற்றங்கரைக் கிராமங்களில் அவனுக்கு முன்பே பல தலைமுறைகள் வாழ்ந்தது. ஆளுக்கொரு செய்யுளாக வளர்ந்துகொண்டே போகும் பாட்டுக்கு ஒரு ஆசிரியர் இல்லை.

புகழ் வந்தபோது ஒரு இழப்பும் வந்தது. இருபதாம் நூற்றாண்டின் நடுவில் சினிமாவும் தலைநகர் மேடைகளும் இந்த இசையை எடுத்துக்கொண்டன. 1946-இல் மிகேல் அலெமான் குடியரசுத் தலைவர் தேர்தலுக்கு ‘லா பாம்பா’வைப் பிரசாரப் பாட்டாக்கினார். மேடையில் வெள்ளை உடை, சீரான வரிசை, மின்னல் வேகம், சில நிமிடத்தில் முடிவு. அழகுதான், குறை சொல்லமாட்டேன். ஆனால் கிராமத்தில் தரிமாக்களில் தூசி படிந்தது. இளைஞர்கள் ஹரானாவைக் கைவிட்டார்கள்.

இந்த மரபை மீட்டவர்களில் ஒருவர் ஹில்பெர்தோ குத்தியேரெஸ். 1977-இல் ‘மோனோ பிளாங்கோ’ குழுவை அவர் தொடங்கினார். முதுமையிலும் கிராமத்துக் குரல் மாறாத அர்காதியோ இதால்கோவைத் தங்களோடு சேர்த்துக்கொண்டார்கள். மேடைக்கு ஆள் சேர்ப்பதைவிட ஊர் ஊராகப் போய்க் குழந்தைகளுக்கு வாசிக்கக் கற்றுக்கொடுத்ததுதான் அவர்கள் செய்த பெரிய காரியம். த்லாகோதால்பானில் ஹரானா கலைஞர்களின் ஆண்டுச் சந்திப்பு தொடங்கியபோது அதை நேரடியாக ஒலிபரப்பி நாடெங்கும் கொண்டுபோனது ‘ரேடியோ எதுகாசியோன்’ என்ற அரசு வானொலி. ஒரு வானொலிக்காரனாக எனக்கு இதில் பெருமை உண்டு.

அதே 1977-இல் விண்ணில் ஏறிய வாயேஜர் விண்கலங்களின் தங்கத் தட்டில் ‘எல் காஸ்கபெல்’ என்ற பாட்டு இருக்கிறது. இந்த வெராக்ரூஸ் மாநிலத்தில் பிறந்த லோரென்சோ பார்செலாத்தாவின் பெயரில் வழங்குவது. அதே தட்டில் நம் இந்துஸ்தானிப் பாடகி கேசர்பாய் கேர்க்கரின் குரலும் இருக்கிறது. இரண்டும் சேர்ந்து சூரியக் காற்று வீசும் வெளியின் எல்லையைத் தாண்டிப் போய்க்கொண்டிருக்கின்றன.

மண்ணிலும் ஒரு எல்லை உண்டு. மெக்சிகோவின் திஹுவானாவுக்கும் அமெரிக்காவின் சான் டியேகோவுக்கும் நடுவே கடலுக்குள் வரை இறங்கும் இரும்பு வேலி. 2008-இல் அந்த வேலியின் இரண்டு பக்கமும் ஹரானா கலைஞர்கள் கூடினார்கள். இந்தப் பக்கம் தொடங்கிய பாட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்து செய்யுள் வந்தது. வேலிக்கு அப்பால் ஒருவர் வாசிக்க, இப்பால் ஒருத்தி ஆடினாள். அதன் பிறகும் ஆண்டுதோறும் கூடினார்கள்.

நேயர்களே, உங்கள் கைபேசியில் இன்றிரவே ‘எல் சிகிசிரி’யைத் தேடுங்கள். மேடையில் பாடியது வேண்டாம், கிராமத்து ஃபந்தாங்கோவில் பதிவு செய்ததாகப் பார்த்து எடுங்கள். கருவிகளுக்கு அடியில் பலகை அதிரும் ஓசை கேட்கும். அது ஒரு பெண்ணின் குதிகால்.