வாக்கும் பங்கும்



ஒரு கம்பனியில் தமக்குள்ள பங்குகளை இன்ன விலைக்குத் தருவதாக ஒருவர் எழுத்தில் ஒப்புக்கொள்கின்றார். பின்னர் மனம் மாறி, "பங்குகளைத் தரமாட்டேன், நட்டத்தைப் பணமாகப் பெற்றுக்கொள்ளும்" என்கின்றார். அப்பங்குகளையே கொடுக்கும்படி நீதிமன்றம் அவரைப் பணிக்குமா? இவ்வினாவுக்கு ஆங்கிலச் சட்டம் விடை கண்ட வழியை இன்று எடுத்துரைக்க விரும்புகின்றேன். எழுதப்பட்ட சட்டம் வேறு கூறாதவிடத்து, கூட்டுப் பங்குக் கம்பனிகள் பற்றிய விடயங்களில் ஆங்கிலச் சட்டத்தையே பின்பற்றுமாறு நம் நாட்டுக் குடியியற் சட்டக் கட்டளைச் சட்டமும் விதிக்கின்றது. ஆகவே இது நமக்குப் புறம்பான கதையன்று.

1720 ஆம் ஆண்டு, தென்கடல் கம்பனியின் பங்குகளைத் தருவதாகச் செய்த ஓர் உடன்படிக்கை இங்கிலாந்திற் சான்சலர் பாக்கர் பிரபுவின் முன் வந்தது. பங்குகளையே கொடுக்குமாறு பணிக்க அவர் மறுத்தார். அப்பங்குகள் சந்தையில் எவரிடமும் கிடைப்பன. ஒன்றுக்கு மற்றொன்று ஈடானது. ஆதலின் விலை வேறுபாட்டைப் பணமாகப் பெற்றவர் வேறிடத்தில் வாங்கிக்கொள்ளலாம். இதுவே அவர் கண்ட நியாயம்.

1841 ஆம் ஆண்டு, புகையிரதக் கம்பனிப் பங்குகள் பற்றிய வழக்கொன்றில் உப சான்சலர் ஷாட்வெல் வேறு முடிவுக்கு வந்தார். அப்பங்குகள் எண்ணிக்கையில் வரையறுக்கப்பட்டவை. வேண்டியபொழுது சந்தையிற் கிடைப்பனவல்ல. எனவே அவற்றின் விற்பனை உடன்படிக்கையை நிறைவேற்றுமாறு நீதிமன்றம் பணிக்கலாம் என்றார். இரு தீர்ப்புகளும் முரண்பட்டவையல்ல. பணம் அப்பொருளின் இடத்தை நிரப்புமா என்பதே இரண்டுக்கும் அடிப்படையான கேள்வி.

இன்று இக்கேள்வி பெரிதும் எழுவது தனியார் கம்பனிகளிலேயாம். 100 பங்குகள் கொண்ட குடும்பக் கம்பனி ஒன்றை எண்ணிப்பாருங்கள். 49 பங்குகளையுடைய தம்பிக்கு, மேலும் இரண்டைத் தருவதாக அண்ணன் ஒப்பமிட்டுள்ளார். அவ்விரண்டின் விலை அற்பமாயிருக்கலாம். ஆயினும் 51 பங்குகள் உடையவர் கம்பனியின் போக்கைத் தீர்மானிப்பார். 49 உடையவர் தீர்மானிக்கப்படுவார். இவ்வேறுபாட்டை எக்கடையிற் சென்று விலைக்கு வாங்குவது? இதனாலேயே இத்தகைய பங்குகளை நேரே மாற்றிக் கொடுக்குமாறு நீதிமன்றம் பணிக்கின்றது.

பணித்த பின்னரும் கையொப்பமிட மறுப்பவர் உண்டு. இங்கிலாந்தின் 1981 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 39 ஆம் பிரிவு அதற்கும் வழி வகுத்துள்ளது. நீதிமன்றம் நியமிக்கும் ஒருவர் அவருக்காகப் பத்திரத்தில் ஒப்பமிடலாம். அவரே ஒப்பமிட்டதைப் போன்று அது செல்லும்.

விற்பவர் மட்டுமன்றி, வாங்குவதாக ஒப்பியவரும் இக்கட்டுக்கு உட்பட்டவரே. 2001 ஆம் ஆண்டு, அமெரிக்காவின் கோழியிறைச்சி வணிகத்தில் முன்னின்ற டைசன் கம்பனி, மாட்டிறைச்சி வணிகத்தில் முன்னின்ற ஐ. பி. பி. கம்பனியைப் பங்கொன்று 30 டொலர் வீதம் வாங்க உடன்பட்டது. சில மாதங்களிற் பின்வாங்கியது. டெலவேயர் மாநிலச் சான்சரி நீதிமன்றத்தில் உப சான்சலர் ஸ்ட்ரைன் அவ்வாண்டு யூன் மாதத்தில், வாங்கியே ஆகவேண்டும் எனப் பணித்தார். உடன்பட்ட பின் எழும் வருத்தம் உடன்படிக்கையிலிருந்து விடுதலை தராது என்பது அத்தீர்ப்பின் சாரம்.

எனினும் இப்பரிகாரம் கேட்டவுடன் கிடைப்பதன்று. எத்தனை பங்குகள், என்ன விலை, எந்நாளில் என்பன தெளிவாயிருத்தல் வேண்டும். காரணமின்றிக் காலந்தாழ்த்தியவருக்கும், தம் பக்கத்துக் கடமையைச் செய்யாதவருக்கும் நீதிமன்றம் கைகொடுக்காது. "நம்மவர்தாமே, பின்னர் பார்த்துக்கொள்வோம்" என்று உறவினர் விட்டுவிடும் வாசகங்களே பிற்காலத்தில் வழக்காகின்றன. ஒப்பமிடும் நாளிலேயே அவற்றைத் தெளிவுற எழுதிக்கொள்வது உறவுக்கும் காவல், உரிமைக்கும் காவல்.