குடும்பப் பெயர் என்ற கட்டத்தை யார் போட்டது?

(இணையவழி வாசிப்பு வட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம். பேச்சுநடையைப் பெரிதாக மாற்றவில்லை.)



இன்றைக்குப் பேச எடுத்த விசயம் பெயர். இங்க இருக்கிற கனபேர் புலம்பெயர்ந்த நாடுகளில் பிறந்தவர்கள், அல்லது சின்ன வயதில் வந்தவர்கள். பெயர் என்று சொன்னவுடனே, வகுப்பில் இடாப்புக் கூப்பிடேக்க உங்கட பெயரில் வந்து ஆசிரியர் தடுமாறினதுதான் முதலில் ஞாபகம் வரும். அது சின்ன விசயம் இல்லை. ஆனால் உச்சரிப்போட கதையை முடிச்சால் பெரிய கேள்வி ஒன்று தப்பிப் போயிடும். எல்லாப் படிவத்திலும் ‘குடும்பப் பெயர்’ என்று ஒரு கட்டம் இருக்கே, அதை யார் போட்டது? எதுக்காகப் போட்டது?

குடும்பப் பெயர் ஆதிகாலத்து மரபு என்று பலர் நினைக்கினம். சீனாவில் அது மிகப் பழையதுதான். ஆனால் உலகத்தின் பெரும்பகுதியில், தலைமுறை தாண்டி மாறாமல் வருகிற பெயருக்குச் சில நூற்றாண்டு வயதுதான். இங்கிலாந்தின் கிராமங்களில் ஒரு காலத்தில் ‘வில்லியத்தின் மகன் ஜோன்’, ‘கொல்லன் ஜோன்’ என்று சொன்னால் போதும். மகன் வேறு வேலை செய்தால் அவனுக்கு வேறு அடைமொழி. 14ஆம் நூற்றாண்டு முடியிற நேரத்தில்தான் இந்த அடைமொழிகள் பரவலாகப் பரம்பரைப் பெயராக இறுகின. காணி உரிமை, நீதிமன்றப் பதிவு, வரி எல்லாத்துக்கும் ஆளை அடையாளம் காட்டுகிற பெயர் தேவைப்பட்டது. 1377க்கும் 1381க்கும் இடையில் மூன்று முறை தலைவரி போட்டார்கள். அதுக்கு எதிராக 1381இல் எழுந்த விவசாயிகள் கிளர்ச்சியின் தலைவர் வாட் டைலர். டைலர் என்றால் ஓடு வேய்பவர். தொழிலே பெயரான ஆள்! அந்தக் கிளர்ச்சிக்காரர் பல இடங்களில் பண்ணை நீதிமன்ற ஏடுகளைத் தேடி எடுத்து எரித்தார்கள். தங்கட பெயர் எந்த ஏட்டில் இருக்கு, அது தங்களை என்ன செய்யும் என்று அவர்களுக்கு நல்லாத் தெரியும்.

குடியேற்ற ஆட்சி இதை இன்னும் வெளிப்படையாகச் செய்தது. 1849 நவம்பரில் பிலிப்பைன்ஸின் ஸ்பானிய ஆளுநர் கிளவேரியா ஓர் ஆணை பிறப்பித்தார். மக்களுக்கு நிலையான குடும்பப் பெயர் இல்லாததால் நிர்வாகமும் நீதியும் வரி அறவீடும் குழம்புது என்பது காரணம். பல்லாயிரம் பெயர்களை அகரவரிசையில் அச்சடித்து, மாகாணங்களுக்கும் ஊர்களுக்கும் பக்கம் பக்கமாகப் பிரித்துக் கொடுத்தார்கள். அதனால், ஊரில் பாதிப்பேரின் குடும்பப் பெயர் ஒரே எழுத்தில் தொடங்கிற இடங்கள் இன்றைக்கும் அங்க இருக்கு. பிள்ளைகள் ஒருவரையொருவர் புதுப் பெயரால்தான் கூப்பிட வேண்டும் என்று பள்ளி ஆசிரியர்களுக்கும் உத்தரவு போனது. பார்த்தீங்களோ, இடாப்பு அங்கேயும் வருது.

ஒரு பட்டியலில் பெயர் இருப்பது பாதுகாப்பாகவும் இருக்கலாம், ஆபத்தாகவும் இருக்கலாம். 1938இல் நாசி அரசு, தான் ஒத்துக்கொண்ட யூதப் பெயர்கள் இல்லாத யூதர்கள், ஆண் என்றால் ‘இஸ்ரேல்’, பெண் என்றால் ‘சாரா’ என்று பெயரோடு சேர்க்க வேண்டும் என்று ஆணை போட்டது. 1983 யூலையில் கொழும்பில் காடையர் கும்பல்கள் வாக்காளர் இடாப்பைக் கையில் வைத்துக்கொண்டு தமிழ் வீடுகளைத் தேடி வந்ததை உங்கட வீடுகளிலும் சொல்லியிருப்பினம். வாக்குப் போடுவதற்கு எழுதின பெயர், வீடு எரிக்கவும் பயன்பட்டது.

இனிக் கனடாவின் வடக்கிலிருந்து ஓர் உதாரணம். எங்கட ஆட்கள் இலட்சக்கணக்கில் வாழுகிற நாடு என்பதால் இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லுறன்.

இனுயிட் மக்களுக்குக் குடும்பப் பெயர் இருக்கவில்லை. அவர்களுடைய பெயர்களில் ஆண் பெயர், பெண் பெயர் என்ற பிரிவும் இல்லை. இறந்துபோன ஒருவரின் பெயரைப் பிறக்கிற குழந்தைக்கு வைப்பார்கள். பெயரோட சேர்ந்து உறவும் வரும். தன் தகப்பனின் பெயரைத் தாங்கின பேரக்குழந்தையைப் பாட்டி ‘அப்பா’ என்று கூப்பிடுவா. எங்களுக்கு இது விளங்காத விசயமில்லை. ‘பேரன்’ என்ற சொல்லே ‘பெயரன்’, பாட்டனின் பெயரைக் கொண்டவன்.

அரசாங்கத்துக்கு இது விளங்கவில்லை. எழுதுகிறவர் காதில் கேட்டபடி ஒரே ஆளின் பெயரைப் பலவிதமாக எழுதினார்கள், பதிவு குழம்பியது. 1941இலிருந்து ஒவ்வொரு இனுயிட்டுக்கும் எண் பொறித்த சின்ன வட்ட வில்லை ஒன்று கொடுத்தார்கள். கழுத்தில் மாட்டலாம், உடுப்பில் தைக்கலாம். கிழக்கு என்றால் ஈ, மேற்கு என்றால் டபிள்யூ, அதுக்குப் பிறகு மாவட்ட எண்ணும் ஆளின் எண்ணும். 1945இல் குடும்பக் கொடுப்பனவு தொடங்க, பிள்ளைக்குக் கிடைக்கிற காசும் அந்த எண்ணோட கட்டுப்பட்டது. சுமார் முப்பது வருசம் இது நடந்தது. இனுயிட் பாடகி லூசி இட்லவுட் தன்னுடைய இசைத்தொகுப்புக்கு ‘ஈ5-770, மை மதர்ஸ் நேம்’ என்று பெயர் வைத்தார். என் அம்மாவின் பெயர் இந்த எண்தான் என்கிறார்.

1968க்கும் 1971க்கும் இடையில் எண்ணை நீக்கிக் குடும்பப் பெயர் கொடுக்கிற திட்டம் வந்தது. ஏப் ஓக்பிக் என்ற இனுயிட் தலைவரே குடியிருப்புக் குடியிருப்பாகப் போய் மக்களிடம் கேட்டுப் பெயர்களைப் பதிந்தார். எண் போனது வெற்றிதான். ஆனால் வந்தது ஐரோப்பியக் கட்டம். கனபேர் தகப்பனின், பாட்டனின் பெயரைக் குடும்பப் பெயராக எடுத்தார்கள். எந்த ஆணுக்கும் பெண்ணுக்கும் பொதுவாக இருந்த பெயர், ஓர் ஆணின் வழி வருகிற சொத்துப் போல ஆனது.

இப்ப எங்கட பக்கம் வருவம். தமிழ் வழக்கில் தகப்பனின் பெயர் முன்னுக்கு, சொந்தப் பெயர் பின்னுக்கு. மகளின் பெயர் அடுத்த தலைமுறைக்குப் போகாது. பாஸ்போட் படிவத்தில் அந்தத் தகப்பன் பெயர் ‘குடும்பப் பெயர்’ கட்டத்துக்குள் விழுது. அடுத்த தலைமுறையில் பாட்டனின் பெயர் அப்படியே உறைஞ்சு போகுது. கலியாணம் செய்த பெண்ணின் கட்டத்தில் கணவனின் சொந்தப் பெயர். இனுயிட்டுக்கு நடந்ததுதான் எங்களுக்கும் நடக்குது, வன்முறை இல்லாமல், ஒரு கவுண்டரில்.

இதுக்காகப் பழைய முறையைத் தூக்கிப்பிடிக்க நான் வரவில்லை. எங்கட முதலெழுத்து முறையிலும் அம்மாவுக்கு இடமில்லை. பத்து மாதம் சுமந்தவளின் பெயர் எந்தக் கட்டத்திலும் இல்லை.

இன்னொரு ஆபத்தும் இருக்கு. 1860இலிருந்து நேட்டாலுக்குக் கரும்புத் தோட்ட ஒப்பந்தக் கூலிகளாகப் போனவர்களின் கப்பல் பதிவேட்டில் எண், பெயர், தகப்பன் பெயர், சாதி, ஊர் எல்லாம் இருந்தது. இன்றைக்குத் தென்னாபிரிக்காவில் பிள்ளை, நாயுடு, மூட்லி என்பவை சாதாரணக் குடும்பப் பெயர்கள். சாதிப் பட்டம் கட்டத்துக்குள் போய்க் கெட்டியான கதை அது. இதுக்கு எதிர்த்திசையில், 1929 பெப்ரவரியில் செங்கல்பட்டில் கூடின முதல் சுயமரியாதை மாகாண மாநாடு சாதிப் பட்டங்களைக் கைவிடச் சொல்லித் தீர்மானம் போட்டது. அதால சாதி ஒழியவில்லை, தெரியும். ஆனால் வாயைத் திறந்து பெயரைச் சொன்ன கணமே சாதியையும் சொல்லுகிற நிலையை அந்த இயக்கம் பெருமளவு உடைத்தது. ‘வேர்களைத் தேடுறம்’ என்று யாராவது பாட்டனின் பட்டத்தைக் குடும்பப் பெயராக எடுக்க வெளிக்கிட்டால், இந்த வரலாற்றை அவருக்குச் சொல்லுங்கோ.

வேலைச் சந்தையிலும் பெயர் வேலை செய்யுது. 2004இல் வெளியான அமெரிக்க ஆய்வு ஒன்றில், பொஸ்டனிலும் சிக்காகோவிலும் ஏறத்தாழ 5,000 போலி விண்ணப்பங்களை அனுப்பினார்கள். தகுதி ஒன்றுதான். வெள்ளையர் பெயர்களுக்கு, கறுப்பினப் பெயர்களை விட 50 சதவீதம் கூடுதலான அழைப்புகள் வந்தன. இதுக்கு மருந்து உங்கட பெயரைச் சுருக்குவது இல்லை. பெயரை மறைத்து விண்ணப்பங்களைப் பரிசீலிக்கச் சொல்லித் தொழிற்சங்கங்கள் ஊடாகக் கேட்பது ஒரு வழி.

என்ன செய்யலாம்? முதலாவது, தனியாகக் கேட்காமல் சேர்ந்து கேட்பம். கனடாவின் உண்மை மற்றும் நல்லிணக்க ஆணைக்குழு 2015இல் வைத்த 17ஆவது கோரிக்கை, வதிவிடப் பள்ளிகள் மாற்றின பெயர்களைப் பூர்வகுடி மக்கள் கட்டணமில்லாமல் மீட்க வழி செய்யச் சொன்னது. 2021இல் கடவுச்சீட்டில் அது தொடங்கியது, ஆனால் ரோமன் எழுத்தில் மட்டும். இனுயிட் எழுத்துக்கு இடமில்லை, தமிழுக்கும் இடமில்லை. ‘என்ர பெயரைச் சரியாகச் சொல்லு’ என்ற எங்கட கோரிக்கை அவர்களுடைய கோரிக்கைக்குப் பக்கத்தில் நிற்க வேண்டும், அதுக்குப் பின்னால் நின்றாலும் குறையில்லை.

இரண்டாவது, எங்கட அமைப்புகளின் படிவங்களிலிருந்தே தொடங்கலாம். ‘குடும்பப் பெயர்’ கட்டத்தை எடுத்துவிட்டு ‘உங்களை எப்படிக் கூப்பிட வேண்டும்?’ என்று கேளுங்கோ. பாலினம் மாறினவருக்கும், ஒற்றைப் பெயர் உள்ளவருக்கும், அம்மாவின் பெயரைப் போட விரும்புகிறவருக்கும் அது போதும்.

மூன்றாவது, வீட்டில் இருக்கிற பழைய பிறப்புச் சான்றிதழ்களை எடுத்துப் பாருங்கோ. அம்மம்மாவின் அம்மாவின் பெயர் என்ன? தெரியாத தோழர்கள் அடுத்த சந்திப்புக்கு முதல் கேட்டுக்கொண்டு வாங்கோ. அங்கேயிருந்து கலந்துரையாடலைத் தொடங்குவம்.